கொரிய நிலாவும் ஆரஞ்சுப் பூனையும்

வெனிங்கின் கல்யாணத்துக்கு ஒரு வாரம் இருக்கையில், வாகினெம் பெரியம்மா ஒரு துணிப்பையும், நடுவில் வட்டமாக ஓட்டை போட்ட மர நாற்காலியுமாக வாடகை மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினாள். இறங்கியவள் யாரையும் சுகம் விசாரிக்கவில்லை. நேராக வெனிங்கின் அறைக்குள் போனாள், கட்டிலில் கிடந்த போனை எடுத்தாள், இடுப்பு மடிப்பில் செருகிக்கொண்டாள்.

"இன்னையிலேருந்து அடைப்பு. வாசப்படி தாண்டக் கூடாது. மாப்பிள்ளைகிட்ட பேசக் கூடாது. அவன் கண்ணுல உன் முகம் படவே கூடாது."

"பெரியம்மா, அதுக்குள்ளதான் என் கடை இருக்கு."

"கடை எங்கடி இருக்கு? இது போன்."

"கடையே போன்லதான் பெரியம்மா இருக்கு."

"அப்ப கடையும் இடுப்புல இருக்கட்டும்."

ஜாவாத் தீவில், கிளாத்தென் பக்கத்தில் கல்யாணப் பெண்ணை இப்படி அடைத்து வைப்பது ஒன்றும் புதிதில்லை. மஞ்சள் தேய்த்து, புகை போட்டு, உப்பும் உறைப்பும் இல்லாத வெள்ளைச் சோற்றைப் போட்டு வாட்டி எடுத்தால், கல்யாணத்தன்று அவள் ஆளே மாறித் தெரிவாளாம். பந்தலுக்குள் நுழைகிற ஒவ்வொருவரும் 'அடையாளமே தெரியலையே' என்று வாயைப் பிளக்க வேண்டும். அதற்கு அந்த ஊரில் ஒரே சொல், மங்ளிங்கி. படித்து வாங்கிய பட்டத்தை அங்கே யாரும் கேட்கமாட்டார்கள், ஆனால் இந்தப் பட்டம் கிடைக்காமல் போனால் பேரன் பேத்தி எடுத்த பிறகும் சொல்லிக் காட்டுவார்கள். வெனிங்கின் அம்மா பார்த்தினிக்கு அது கிடைக்கவில்லை. "முந்தின நாள் சந்தையில பார்த்த மாதிரியேதான் பந்தல்லயும் நின்னா" என்று அவளுடைய அக்காவான வாகினெம் பெரியம்மா இன்றுவரை விருந்தாளிகளிடம் சொல்வாள்.

வெனிங் என்றால் தெளிந்து அமைதியாக இருக்கும் தண்ணீர் என்று பொருள். பெயர் வைத்தவர்கள் அவள் வாயைத் திறக்கும்வரை பொறுத்திருக்கவில்லை. தினமும் சாயங்காலம் முன்னறையில் வட்ட விளக்கைப் போட்டு, போனை முக்காலியில் நிறுத்தி, லைவில் கெபாயா என்கிற மேல்சட்டைகளும் பாத்திக் துணியும் விற்பாள். வாங்குகிறவர்கள் பாதிப் பேர் துணிக்காக வந்தார்கள், மீதிப் பேர் அவளிடம் திட்டு வாங்க வந்தார்கள். ஒரு வாரம் லைவ் போடாவிட்டால் அந்த ஆப் அவளைச் செத்தவள் கணக்கில் சேர்த்துவிடும். பிறகு தலைகீழாக நின்றாலும் ஒரு ஆள் வராது.

இதை அவள் அம்மாவிடம் அழுதாள். அம்மா குடும்ப வாட்ஸ்அப் குழுவில் கேட்டாள். சித்தப்பாக்கள் கட்டைவிரலைக் காட்டினார்கள், அத்தைகள் கைகூப்பும் பொம்மையைப் போட்டார்கள், சுரபாயாவில் இருக்கும் மருமகள் ஒருத்தி தன் தொக்கு விளம்பரத்தைப் போட்டாள். ஒன்றும் முடிவாகவில்லை. கடைசியில் பெரியம்மாவே, "அப்படி என்னத்தைத்தான் பண்றா, பார்ப்போம்" என்று மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு போனை வெளியே எடுத்தாள்.

வெனிங் லைவ் பக்கத்தைத் திறந்தாள். திறந்ததும் அவள் எப்போதும் போடும், முகத்தை மெருகேற்றிக் காட்டும் ஃபில்டர் தானாக வந்து உட்கார்ந்தது. அதன் பெயர் கொரிய நிலா. பெரியம்மா திரையைப் பார்த்தாள், வெனிங்கைப் பார்த்தாள், மறுபடி திரையைப் பார்த்தாள்.

"இது யாரு?"

"நான்தான்."

"நீ எங்கடி? இவளுக்கு மூக்கு ஒல்லியா இருக்கு. கண்ணு மாட்டுக்கண்ணு. அந்த இதுவும் இல்லை."

அந்த இது என்றால் இடது கன்னத்துத் தழும்பு. ஒன்பது வயதில், அம்மாவின் தெருவோரக் கடையில் தெம்பே என்கிற சோயாக் கட்டிகளைப் பொரிக்கும்போது எண்ணெய் வெடித்துத் தெறித்தது. மூக்குக்குப் பக்கத்தில் தொடங்கிக் காது வரைக்கும் கருத்து, சுருங்கி, ஏதோ தீவின் வரைபடம் மாதிரி கிடந்தது. வீட்டில் யாரும் அதைத் தழும்பு என்று சொல்வதில்லை. அந்த இது.

பெரியம்மா மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டினாள். பிறகு உயர்நீதிமன்றத்தில் உட்கார்ந்திருப்பவள் போலத் தொண்டையைச் செருமினாள்.

"இந்த மூஞ்சிய மாப்பிள்ளை பார்த்தா உன்னைப் பார்த்ததா ஆகாது. இவ வேற யாரோ. அதனால லைவ் போட்டுக்கலாம், அடைப்பு கெடாது. ஆனா இந்த நிலா ஒரு நிமிஷம்கூட விலகக் கூடாது. நான் பக்கத்துலயே உட்கார்ந்திருப்பேன்."

கடை பிழைத்தது. வெனிங் துள்ளிக் குதித்திருக்க வேண்டும். அவளோ முக்காலியை எடுக்கக்கூட நகரவில்லை. பெரியம்மா விளையாட்டாகச் சொன்ன அந்தத் தீர்ப்பில் அவள் யாரிடமும் சொல்லாத ஒன்று அப்படியே இருந்தது. மாப்பிள்ளை தாமர் அவளைப் பார்த்ததே இல்லை.

கதை இதுதான். தாமர் சுலாவேசியில் ஒரு நிக்கல் உருக்காலையில் வேலை பார்த்தான். இரண்டு வருடத்துக்கு முன் அவன் அம்மாவுக்காக வெனிங்கிடம் ஒரு கெபாயா வாங்கினான், அளவு தப்பாகப் போனது, லைவிலேயே சண்டைக்கு வந்தான். அவள் திருப்பிக் கொடுத்த திட்டில் அவனுக்குக் காதல் வந்துவிட்டது. சிலருக்கு அப்படித்தான் வரும். அதன் பிறகு தினமும் வீடியோவில் பேசினார்கள், அவன் மஞ்சள் ஹெல்மெட்டோடு, அவள் கொரிய நிலாவோடு. நேரில் சந்தித்தது அவன் விடுமுறைக்கு வரும்போது மட்டும். அப்போதெல்லாம் அவள் முகத்தில் மூன்று வகைப் பூச்சு இருக்கும். ஒருமுறை பக்சோ என்கிற இறைச்சி உருண்டைச் சாறு விற்கும் கடைக்கு அழைத்துப் போனான். கிண்ணத்திலிருந்து எழுந்த ஆவியில் பூச்சு உருகிவிடுமோ என்று பயந்து, உருண்டைகள் ஜில்லென்று ஆறும்வரை அவள் கரண்டியைத் தொடவில்லை. அவனும் அந்த வேகாத வெயிலில் தொப்பியைக் கழற்றாமல் வியர்த்து வழிந்துகொண்டு உட்கார்ந்திருந்தான். ஆலைச் சம்பளத் திமிர் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

சொல்லிவிட வேண்டும் என்று ஒரு வருடமாக நினைத்தாள். நாளைக்கு, அடுத்த மாதம், ரம்ஜான் முடியட்டும் என்று தள்ளிக்கொண்டே வந்தாள். இப்போது ஞாயிற்றுக்கிழமை கல்யாணம். அன்று சாயங்காலம் பூச்சைக் கழுவித்தான் ஆக வேண்டும். அதற்குமுன் அவனுக்குத் தெரிய வேண்டும், வேண்டாம் என்று சொல்ல அவனுக்கு ஒரு வழி இருக்க வேண்டும். ஏமாற்றிக் கட்டிக்கொண்டவள் என்ற பேரோடு அவன் பக்கத்தில் காலம் தள்ள அவளால் முடியாது. ஆனால் போன் பெரியம்மாவின் இடுப்பில் இருந்தது. மிச்சமிருந்த ஒரே சன்னல் லைவ், அந்தச் சன்னலிலும் கொரிய நிலா காவலுக்கு நின்றது.

முதல் நாள் லைவில் பெரியம்மா கேமராவுக்கு வெளியே பாயைப் போட்டு, விசிறியோடு உட்கார்ந்துவிட்டாள்.

"வாங்க அக்காங்களா, வாங்க," என்று வெனிங் ஆரம்பித்தாள். "பச்சைக் கெபாயா பாருங்க. இதுல எல்லாப் பொத்தானும் இருக்கு, போன தடவை மாதிரி இல்லை. சும்மா எட்டிப் பார்க்கிற அக்கா, உங்களைத்தான். ஒரு மாசமா பார்க்கறீங்க, துணிக்கே வெட்கமா இருக்கு. வாங்குங்க, இல்லைன்னா அதைக் கல்யாணம் பண்ணிக்கங்க."

கருத்துகள் ஓடின. நடுவில் ஆரஞ்சுப் பூனை என்ற பெயரில், பூனைப் படத்தோடு, ஒரு புதிய ஆள் எழுதினான்: "கெபாயா வேண்டாம். விக்கிறவங்க ஸ்டாக்ல இருக்காங்களா?"

வெனிங்குக்கு ஆள் யார் என்று உடனே பிடிபட்டது. இவ்வளவு மட்டமான நகைச்சுவை ஜாவாவிலும் சுலாவேசியிலும் சேர்த்து ஒருத்தனிடம்தான் இருந்தது. அவன் அம்மாவும் அவன் போனைப் பிடுங்கியிருப்பாள், யாருடைய போனையோ கெஞ்சி வாங்கியிருக்கிறான்.

"விக்கிறவங்க புக் ஆயிட்டாங்க, பூனை. ஞாயித்துக்கிழமை டெலிவரி. திருப்பி அனுப்ப முடியாது."

"உடைஞ்சிருந்தா?" என்று கேட்டது பூனை.

அவன் வேடிக்கைக்குத்தான் கேட்டான். அவளோ பச்சைக் கெபாயாவை இரண்டு முறை மடித்து வைத்தாள்.

"யாருடி அது பூனை?" என்றாள் பெரியம்மா.

"ஏதோ பூனை, பெரியம்மா."

"ஆம்பளையா பொம்பளையா?"

"பூனை."

அடுத்தடுத்த நாட்களில் பெரியம்மாவுக்கு லைவ் பிடித்துப்போனது, இதுதான் ஆபத்து. கருத்துகளை எழுத்துக்கூட்டிப் படித்தாள். பேரம் பேசுகிறவர்களை வெளியிலிருந்தே, "ஏம்மா, உன் வீட்டுல அரிசி சும்மாவா வருது?" என்று கேட்டாள். குரல் மட்டும் வருகிற அந்தக் கிழவி யார் என்று கூட்டம் கேட்டது. வியாபாரம் ஏறியது. கை நிறைய வேலை இருந்த வெனிங், பெரியம்மாவின் போனைத் தன் கடைக்கு உதவியாளாகச் சேர்த்துவிட்டு, தொல்லை கொடுப்பவர்களை விரட்டும் வித்தையைச் சொல்லிக்கொடுத்தாள்.

"பேரை அழுத்திப் பிடிங்க. விரட்டுன்னு வரும். அதைத் தொட்டா ஆள் காலி, அப்புறம் அவங்களால எட்டியும் பார்க்க முடியாது."

அரியணை கிடைத்தவர்கள்கூட இவ்வளவு சந்தோஷப்பட்டிருக்க மாட்டார்கள். பெரியம்மா அன்று சாயங்காலத்துக்குள் ஒன்பது பேரை விரட்டினாள். அதில் ஒருத்தி, தொக்கு விற்கிற சுரபாயா மருமகள்.

பிறகு வெள்ளைச் சோற்று நாட்கள் வந்தன. உப்பு இல்லை, எண்ணெய் இல்லை, தண்ணீரும் சோறும் மட்டும். ஏற்கெனவே நாக்கு நீளமான வெனிங், பசியில் கடிக்கிற நாயாகிவிட்டாள். அதோடு ஓட்டை நாற்காலியும் வேலைக்கு வந்தது. பெண்ணை மார்பு வரை துணி சுற்றி நாற்காலியில் உட்கார வைத்து, கீழே சட்டியில் தணலும் வாசனைப் பட்டைகளும் போட்டு, சொல்லக் கூச்சப்படுகிற இடத்துக்கு வாசனை ஏற்றுவது வழக்கம். பெரியம்மா அதை எல்லார் முன்னாலும் கூச்சமில்லாமல் சொன்னாள். கூரியர் கொண்டுவந்தவனிடமும் சொன்னாள்.

வெள்ளிக்கிழமை இரண்டு வேலையும் ஒரே நேரத்தில் வந்து மோதின. லைவ் போடும் நேரம் வந்துவிட்டது, சட்டியில் தணல் அப்போதுதான் பிடித்திருந்தது.

"எழுந்திருக்காதே. பாதியில எழுந்தா பலிக்காது."

"லைவ்?"

"உட்கார்ந்துக்கிட்டே வித்துக்கோ. கழுத்துக்குக் கீழ யாருக்குத் தெரியப் போகுது?"

அப்படியே ஆயிற்று. நாற்காலியை மறைத்து ஒரு பாத்திக் துணியைத் தொங்கவிட்டு, மேலே ஒரு கெபாயாவை மாட்டிக்கொண்டு, கல்யாணப் பெண் புகையின் மேல் அமர்ந்து வியாபாரம் தொடங்கினாள். கொஞ்ச நேரத்தில் காலருக்குள்ளிருந்து புகை கிளம்பியது.

"அக்கா, வீடு பத்திக்கிச்சா?" என்று ஒருத்தி எழுதினாள்.

"இல்லை அக்கா, தள்ளுபடி சூடா இருக்கு. ஊதா கலர் பாருங்க."

ஆரஞ்சுப் பூனை வந்தது. "அந்தப் புகை எந்த நாற்காலியிலேருந்து வருதுன்னு எனக்கும் தெரியும். இன்னொரு ஆள் உட்கார இடம் இருக்கா?" என்றது. பெரியம்மா கண்ணாடியை ஏற்றிக்கொண்டு, அந்தப் பூனையின் பெயரை ஒருமுறைக்கு இருமுறை படித்தாள்.

அப்போதுதான் தணலில் ஒரு பட்டை வெடித்து, முகத்துக்கு நேரே ஒரு கொத்துப் புகை எழுந்தது. ஃபில்டருக்கு முகம் எங்கே இருக்கிறது என்று புரியவில்லை. கொரிய நிலா ஒரு நொடி அவள் தோளில் போய் உட்கார்ந்தது, ஒரு நொடி பின்னால் தொங்கிய ஊதா கெபாயாவுக்குக் கண்ணும் மூக்கும் வைத்தது, ஒரு நொடி காணாமலே போனது. மறுபடி வந்து ஒட்டிக்கொள்வதற்குள் எல்லாரும் பார்த்துவிட்டார்கள்.

"அக்கா, கன்னத்துல கரி ஒட்டியிருக்கு, துடைங்க" என்று ஒரு கருத்து ஏறியது.

துடைத்துவிட்டேன் என்று சொன்னால் முடிந்தது. கரி என்று அவர்களே ஒரு பொய்யைச் செய்து தட்டில் வைத்து நீட்டிவிட்டார்கள், எடுத்துக்கொள்ள வேண்டியதுதான் பாக்கி. அவள் கை கன்னத்துக்குப் போகவும் போனது. பசி, புகை, கண்ணெரிச்சல், எல்லாவற்றுக்கும் மேலே ஒரு வருடமாக நெஞ்சில் சுமந்த அலுப்பு, எல்லாம் சேர்ந்து அந்தக் கையைத் திரைக்குத் திருப்பின. அவள் கொரிய நிலாவை அணைத்தாள்.

"கரி இல்லை அக்கா," என்றாள். "எண்ணெய். சின்ன வயசுல தெம்பே பொரிக்கும்போது தெறிச்சது. துடைச்சா போகாது. இத்தனை நாள் நான் காட்டலை. நேர்ல பார்த்தவங்ககிட்டயும் காட்டலை, பூச்சு போட்டு மறைச்சேன். யாரு இதைத் தெரிஞ்சுக்கணுமோ அவங்க இப்ப பார்த்துக்கிட்டு இருக்காங்க. பூனை, நல்லாப் பார்த்துக்கோ. இதுதான் சரக்கு. வேண்டாம்னா ஞாயித்துக்கிழமைக்கு முன்னாடி சொல்லிடு. நான் கோவிச்சுக்க மாட்டேன்."

கடைசி வாக்கியம் சுத்தப் பொய்.

கூட்டம் என்ன செய்தது என்று கேட்டால், உலகம் ஒன்றும் புரளவில்லை. ஒருத்தி, "சாப்பிட்டுக்கிட்டு இருக்கேன், நிலாவைப் போடு" என்றாள். "எழுந்து போய் சமையக்கட்டுல சாப்பிடு" என்றாள் வெனிங். இரண்டு பேர் அழுகிற பொம்மை போட்டார்கள். மற்றவர்கள் ஊதா கலரில் பெரிய அளவு இருக்கிறதா, அனுப்புகிற செலவு இலவசமா என்று கேட்டார்கள். அவள் பதில் சொல்லிக்கொண்டே பூனையைத் தேடினாள். பூனை எழுதவில்லை. ஊதா தீர்ந்தது, சிவப்பு தீர்ந்தது, பூனை வரவில்லை. பார்க்கிறவர்கள் பட்டியலிலும் அந்தப் பெயர் இல்லை.

போய்விட்டான்.

லைவை மூடியதும் பெரியம்மா போனைக் கீழே வைத்துவிட்டுத் தலையில் கைவைத்தாள்.

"அடைப்பு போச்சு. எல்லாம் போச்சு. மாப்பிள்ளை எங்கேயிருந்தாவது பார்த்திருந்தா? ஏண்டி இப்படிப் பண்ணே?"

"பார்க்கணும்னுதான் பண்ணேன்."

கதவோரம் நின்றிருந்த பார்த்தினி உள்ளே வந்தாள். மகளின் கன்னத்தைத் தொட்டாள். இத்தனை வருடத்தில் அவள் அந்த இடத்தைத் தொட்டதே இல்லை. "அன்னைக்கு அடுப்புகிட்ட நான்தான் நின்னிருக்கணும்," என்றாள். வெனிங் அம்மாவின் இடுப்பைக் கட்டிக்கொண்டு ஓவென்று அழுதாள். நாற்காலியை விட்டு மட்டும் எழவில்லை, பெரியம்மா தோளை அழுத்திப் பிடித்திருந்தாள்.

அதற்குப் பிறகு லைவ் இல்லை, போன் இல்லை. சனிக்கிழமை முற்றத்தில் பந்தல் ஏறியது, வாசலில் வாழைக்குலை கட்டினார்கள், பூ மிதக்கும் தண்ணீரை உறவுக்காரிகள் அவள் தலையில் ஊற்றினார்கள். தாமர் வீட்டிலிருந்து சீர்த்தட்டுகள் வந்தன, தாமரிடமிருந்து ஒரு வார்த்தை வரவில்லை. தட்டுகள் வந்ததால் கல்யாணம் நிற்கவில்லை என்று தெரிந்தது. அதுதான் அவளுக்கு இன்னும் பயமாக இருந்தது. ஊரெல்லாம் பத்திரிகை கொடுத்தாயிற்று, மாடு வெட்டியாயிற்று, இனிமேல் எந்த மகன் தன் அம்மாவிடம் போய் வேண்டாம் என்பான்? வாயை மூடிக்கொண்டு வந்து உட்காருவான். வேண்டாவெறுப்பாக ஒருத்தன் பக்கத்தில் படுப்பான் என்று நினைக்கவே அவளுக்குக் கூசியது.

ஞாயிறு காலை அலங்காரக்காரம்மா வந்தாள். நோன்பிருந்து, மந்திரம் சொல்லி, வெனிங்கின் உச்சியில் ஊதி, ஐந்தாறு அடுக்குப் பூச்சைப் போட்டு, நெற்றியில் கறுப்பு வளைவுகளை வரைந்தாள். தீவு தடயமில்லாமல் மூழ்கியது.

"அதை மட்டும் விட்டுடுங்கம்மா, மறைக்க வேண்டாம்," என்றாள் வெனிங்.

"உனக்கென்ன, நீ இன்னைக்கு ஒரு நாள்தான் பொண்ணு. நான் நாளைக்கும் தொழில் பண்ணணும்."

வந்து எட்டிப் பார்த்த அத்தைகள் எல்லாரும் மங்ளிங்கி, மங்ளிங்கி என்று வாயைப் பிளந்தார்கள். பெரியம்மா அந்தப் பெருமையைத் தன் நாற்காலிக்கு எழுதிக்கொண்டாள்.

பெண்ணை அறையிலேயே வைத்துவிட்டு, வெளியே பதிவாளர் முன்னால் மாப்பிள்ளை உறுதிமொழி சொல்லத் தொடங்கினான். ஒரே மூச்சில், தடங்காமல் சொல்ல வேண்டும். ஒலிபெருக்கியில் அவன் குரல் கேட்டது. பாதியில் நின்றுவிட்டது. கூட்டம் முணுமுணுத்தது. "இன்னொரு தடவை," என்றார் பதிவாளர். அறைக்குள் வெனிங் கெபாயா நுனியைக் கசக்கிக்கொண்டிருந்தாள். சொல்லாமலே எழுந்து போய்விடு, அது மேல், என்று மனசு சொன்னது. போய்விடாதே என்றும் அதே மனசுதான் சொன்னது. இரண்டாம் தடவை அவன் ஒரே மூச்சில் முடித்தான். சாட்சிகள் "செல்லும், செல்லும்" என்றார்கள்.

பிறகு அவளை வெளியே அழைத்து வந்து அவனுக்கு எதிரே நிறுத்தினார்கள். கறுப்புச் சட்டை, முதுகில் குறுவாள், தலையில் பாத்திக் தலைப்பாகை. அவன் முகத்தை அவள் ஏறிட்டுப் பார்க்கவில்லை. வெற்றிலைச் சுருளை ஒருவர் மேல் ஒருவர் எறிந்துகொண்டார்கள். அவளுடையது குறி தவறித் மத்தளம் அடிக்கிறவர் மேல் விழுந்தது. அடுத்து முட்டை. மாப்பிள்ளை வெறுங்காலால் முட்டையை மிதித்து உடைக்க வேண்டும், பெண் குனிந்து அந்தக் காலைக் கழுவ வேண்டும். மைக் பிடித்தவர் யாருக்கும் புரியாத உயர்ந்த மொழியில் அதன் மகிமையை நீட்டி முழக்கினார். முட்டை உடைந்தது. வெனிங் மண்டியிட்டுப் பூத்தண்ணீரை ஊற்றினாள்.

தாமர் அவளைத் தூக்கிவிடுவது போலக் குனிந்தான். அவன் பார்வை அவள் இடது கன்னத்திலேயே இருந்தது.

"எங்க அது?" என்றான், மெதுவாக.

"எது?"

"வெள்ளிக்கிழமை இங்க இருந்தது. அதைத்தான் தேடிக்கிட்டு இருக்கேன். ஆளை மாத்திட்டாங்களோன்னு பயந்துட்டேன்."

அவள் நிமிர்ந்து, அந்த ஊர்ப் பெண்கள் கணவனைக் கூப்பிடுகிற 'மாஸ்' என்ற சொல்லால் அவனைக் கூப்பிட்டாள். "பார்த்துட்டுப் போயிட்டீங்களே, மாஸ்."

"நான் எங்க போனேன்? உங்க பெரியம்மா விரட்டிவிட்டுட்டாங்க. பக்கம் பக்கமா பதில் அடிச்சு அனுப்பறேன், உனக்கு அனுமதி இல்லைங்குது. அம்மா போன்ல அனுப்பலாம்னு பார்த்தேன், அம்மாவோட அதுவும் தொழுகைக் கூட்டத்துக்குப் போயிடுச்சு."

வெனிங் தலையைத் திருப்பினாள். இரண்டடி தள்ளி நின்ற பெரியம்மா, மணப்பெண் என்ன பார்க்கிறாள் என்று தெரியாமல், பெருமையாகத் தலையசைத்தாள். "வழியுற பூனை ஒண்ணு இருந்துச்சே, அதை அன்னைக்கே விரட்டிட்டேன்டி" என்று அவள் அன்று ராத்திரிதான் சொல்லப்போகிறாள்.

"என்ன பதில்?" என்றாள் வெனிங்.

"கால் ஈரமா இருக்கு, சீக்கிரம் ஊத்து. பதில் எழுத்துல இல்லை. நானும் ஒண்ணை மறைச்சு வெச்சிருக்கேன், ஞாயித்துக்கிழமை காட்டறேன்னு எழுதினேன். காலையில உறுதிமொழி ஏன் தடங்கிச்சு தெரியுமா? இந்தச் சனியன் நழுவுது. பிடிச்சுக்க உள்ள ஒண்ணும் இல்லை."

அவன் இன்னும் கொஞ்சம் குனிந்து, யாருக்கும் தெரியாமல் தலைப்பாகையை இரண்டு விரலால் பின்னுக்குத் தள்ளினான். நெற்றி மேலே போனது, போனது, போய்க்கொண்டே இருந்தது. ஒரு முடி தடுக்கவில்லை. சற்றுமுன் அவன் காலடியில் உடைந்த முட்டைக்கு மூத்த அண்ணன் போல வழவழவென்று மின்னியது. மஞ்சள் ஹெல்மெட், பக்சோக் கடைத் தொப்பி, பெருநாளைக்குப் போட்ட குல்லா, எல்லாம் அவள் கண்முன் வரிசையாக வந்து நின்றன.

மணப்பெண் பல் தெரியச் சிரிக்கக் கூடாது. வெனிங் சிரித்த சிரிப்பில் மைக்காரர் மகிமையைப் பாதியில் மறந்தார், மத்தளக்காரர் தாளம் விட்டார், பெரியம்மா வாயைப் பொத்திக்கொண்டாள். கண்ணிலிருந்து வழிந்த தண்ணீர் ஐந்தாறு அடுக்கையும் அறுத்துக்கொண்டு இறங்கி, இடது கன்னத்தில் தீவின் ஒரு கரையை வெளியே காட்டியது. தாமர் அதைப் பார்த்து, அப்பாடா என்று மூச்சுவிட்டான்.

அவள் அவன் தலைப்பாகையை இழுத்துச் சரியாக வைத்தாள்.

"மங்ளிங்கி, மாஸ்," என்றாள். "ஆளே அடையாளம் தெரியலை."